நிக்டியில் ஆறிப்போன தேநீர்

காலை ஒன்பது மணிக்குக் கசார்வாடியில் இறங்கினேன். புனே நிலையத்திலிருந்து லோக்கல் ரயிலுக்கு ஐந்து ரூபாய்தான். நண்பர் சுல்தான் பாய் வாசலிலேயே நின்றார். பூர்வீகம் கடையநல்லூர். டெல்லியில் லெபனான் தூதர் ஒருவருக்குக் கார் ஓட்டியவர், இப்போது இங்கே பட்டறை வைத்திருக்கிறார்.

"நல்ல நாளாப் பாத்து வந்திருக்கீய. எங்க சாப் வந்திருக்காரு!"

அந்தத் தூதரேதான். ஓய்வு பெற்று, எழுபதைத் தாண்டியவர். கல்லூரி ஒன்றில் பேச வந்து புனேயின் ஔந்த் பகுதியில் தங்கியிருந்தவரைப் பழைய டிரைவர் ஒரு காரியமாக அழைத்திருந்தார். சுல்தானின் மகள் நஸ்ரினுக்குச் சாக்கனில் தொழிற்சாலை வேலை. நிக்காவுக்குப் பிறகு வேலைக்குப் போகக்கூடாது என்று மாப்பிள்ளையின் வாப்பா இப்ராகிம் சொல்ல, சம்பந்தப் பேச்சே நின்றுவிட்டது.

"வேலையையும் விட மாட்டேன் மாமா, அவரையும் விட மாட்டேன்," என்றாள் நஸ்ரின் என்னிடம்.

"ரெண்டும் வேணும்னா எப்படிம்மா?" என்றேன்.

"அல்லா ரெண்டு கை குடுத்திருக்கானே!"

பதினோரு மணிக்குத் தூதர், சுல்தான், நான் மூவரும் இப்ராகிம் வீட்டுக்குக் காரில் கிளம்பினோம். பழைய மும்பை சாலையில் நிக்டிக்கு எட்டு கிலோமீட்டர் இருக்கும். எனக்குத் தூதரை விட மனமில்லை. கேள்வி மேல் கேள்வி கேட்டேன், சுல்தான் மொழிபெயர்த்தார். அவர் உத்தியோகத்தில் சேர்ந்த கொஞ்ச காலத்தில் லெபனானில் உள்நாட்டுப் போர் வந்துவிட்டது. ஏதென்ஸ், லாகோஸ் என்று மாற்றல். சில மாதம் சம்பளமே வராது. ஒரு கட்டத்தில் பெய்ரூட்டில் இரண்டு அரசாங்கங்கள், இரண்டும் எதிரெதிராக உத்தரவு அனுப்பினவாம்.

"நீங்க என்ன செஞ்சீங்க?"

"இரண்டுக்கும் 'கிடைத்தது' என்று பதில் போட்டேன்."

"ரெண்டு பொண்டாட்டிக்காரன் பொழப்பு!" என்றார் சுல்தான். அதை மட்டும் அவர் மொழிபெயர்க்கவில்லை.

நிக்டி வீட்டில் இப்ராகிமின் மனைவி ரஹ்மத் தேநீர் கொண்டுவந்தார். தூதர் வந்த விஷயத்தைச் சொல்லிவிட்டுக் கோப்பையைத் தொடாமல் இருந்தார்.

"சீனி கூடிப்போச்சோ?" ரஹ்மத் வேறு தேநீர் போட்டுவந்தார். அதுவும் ஆறியது.

"அவுக பக்கம் அப்படித்தான் மைனி," என்றார் சுல்தான். "கேட்டு வந்த காரியம் முடியாம குடிக்க மாட்டாக."

எனக்குச் சிலிர்த்தது. சம்பந்தம் கூடும்வரை அந்த வீட்டில் கை நனைக்காதே என்பது எங்கள் மதுரைப் பக்கத்துப் பேச்சும் அல்லவா!

"என்ன சாப், டீய வச்சு மிரட்டுதீயளா?" என்றார் இப்ராகிம்.

"நீங்க சும்மா இருங்க," என்றார் ரஹ்மத். "வந்த மனுசன் வாய் நனைக்காம போனா நாலு பேரு என்னையத்தான் ஏசுவாக. அவ வேலைக்குப் போவட்டும்."

இப்ராகிம் ஆறிய கோப்பையைத் தூதர் பக்கம் நகர்த்தினார். பிறகு, "சரி, போவட்டும்," என்றார். தூதர் ஆறிய தேநீரை ஒரே மூச்சில் குடித்தார்.

"இருங்க, எனக்கும் ஒண்ணு கேக்கணும்," என்றார் ரஹ்மத். "பேசி முடிச்சவரு நிக்காவுல முன்வரிசைல இருக்கணும். அவரு இல்லன்னா என் வாக்கும் இல்ல."

முன்பே குறித்திருந்த நிக்கா நாளுக்கு இன்னும் மூன்று வாரம் இருந்தது. தூதருக்கோ மறுநாள் விமானம்.

திரும்பும் வழியில் தூதர் மெதுவாகச் சொன்னார்: "ஒப்பந்தம் முடிந்ததும் ஊர் மாறிப் போவதுதான் என் பிழைப்பு. அது நிலைத்ததா உடைந்ததா என்று பேப்பரில் படித்துத்தான் தெரிந்துகொள்வேன்."

பெய்ரூட்டில் இருக்கும் மகளுக்குப் போன் போட்டு அரபியில் ஏதோ சொன்னார். அந்தப் பக்கம் மகள் போட்ட சத்தம் எனக்கே கேட்டது. போனை வைத்துவிட்டு, நிக்காவுக்கு உடை தைக்க இங்கே நல்ல தையல்காரர் யார் என்று சுல்தானைக் கேட்டார். மாலை ரயிலுக்கு நான் விடைபெறப் போனபோது, தையல்காரர் அவருக்குத் தோள் அளவு எடுத்துக்கொண்டிருந்தார்.