யார் மனதையும் புண்படுத்தாதவராம்!

போன வருடம், மழைக்காலம் முடிந்த சமயம். ஏற்காட்டில் ஒரு ஜீப் டிரைவர் இறந்துபோய், அவர் வீட்டு வாசலில் பந்தல் போட்டுப் படத்திறப்பு வைத்திருந்தார்கள். பஸ் ஸ்டாண்டு டீக்கடைக் கரும்பலகையில் தினமும் ஊர்ப் பெரிய மனிதர்களைக் கிண்டல் செய்து நாலு வரி எழுதுவாரே, அவருக்குத்தான். கோடை விழாவின்போது எங்கள் குழாயில் சொட்டுத் தண்ணீர் வராது. ‘அடுத்த பிறவியிலாவது ஏற்காட்டில் டேலியாப் பூச்செடியாகப் பிறக்க வேண்டும், வேளாவேளைக்குத் தண்ணீர் ஊற்றுவார்கள்’ என்று எழுதினார். அதற்காக அடியும் வாங்கினார்.

எனக்கும் அவரைக் கண்டாலே ஆகாது. மாரமங்கலத்தில் காபித் தோட்டத்துக்குப் போன என் தம்பியைக் காட்டெருமை முட்டிவிட்டது. நாங்கள் சேலம் ஆஸ்பத்திரியில் அழுதுகொண்டு கிடக்கிறோம், அந்த மனுஷன் அதையும் பலகையில் எழுதிவிட்டார். ஊரே சிரித்ததாம். கடைக்கே போய் அவரைக் கிழி கிழியென்று கிழித்தேன். அதோடு பேச்சே இல்லை.

படத்திறப்புக்குப் போனது அவர் மனைவிக்காகத்தான். அங்கே பார்த்தால், அவரை அடிக்க ஆள் அனுப்பியவரே மாலையோடு முன்னால் நிற்கிறார்! யார் மனதையும் புண்படுத்தாத தங்கமான மனிதர் என்று ஆளாளுக்கு மைக்கில் உருகினார்கள். அவர் எழுதியதில் நாலைந்தையாவது வாசிக்கச் சொல்லி அவர் மனைவி கெஞ்சியிருக்கிறார். துக்க வீட்டில் அதெல்லாம் எதற்கு, வந்தவர்கள் வருத்தப்படுவார்கள் என்று தட்டிக்கழித்துவிட்டார்கள். அந்தம்மா தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என்ன ஜென்மங்கள் இவர்கள்!

எழுந்து போய் மைக்கைப் பிடுங்கினேன்.

“ஏனுங்க, என் மனசை அவரு நொம்பப் புண்படுத்துனாருங்க. இன்னும் ஆறலைங்க. என் தம்பி அடிபட்டுக் கெடக்கறப்ப என்ன எழுதுனாரு தெரியுங்களா? ‘காட்டெருமைகிட்ட விசாரணை முடிஞ்சுது. முட்டுனவரு நல்லவராம். வழியில நின்னவரு மேலதான் தப்பாம்.’ பாரஸ்ட் ஆபீசரு எங்ககிட்டச் சொன்னதும் அதையேதானுங்க.”

முதலில் சிரித்தது அவர் மனைவிதான், கண்ணைத் துடைத்துக்கொண்டே. அப்புறம் ஒவ்வொருவராக எழுந்து, தங்களைப் பற்றி அவர் எழுதியதைச் சொல்ல ஆரம்பித்தார்கள். மாலையோடு வந்தவர் நைசாக நழுவிவிட்டார்.

அந்த மனுஷனை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை. ஆனால் இருந்தபோது அடித்தும் மூட முடியாத வாயை, செத்த பிறகு புகழ்ந்தே மூடிவிடப் பார்த்தார்களே, அதை நினைத்தால்தான் எனக்கு இன்னும் வயிறு எரிகிறது.