ஒரு வியாழவட்டம் ஊர்விலக்கு

வியாழவட்டம் என்ற சொல்லை எங்கள் ஊர்ப் பள்ளிவாசலுக்குள் முதன்முதலில் சொன்னவன் நான்தான். அன்றைக்கு அங்கே கூடியிருந்தவர்களில் எட்டாம் வகுப்புப் படித்தவர்கள் இருந்தார்கள். கொழும்பில் கடை வைத்திருந்தவர் ஒருவர் இருந்தார். ஊராருக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தே பெயர் எடுத்த ஒருவரும் இருந்தார். ஒருவருக்கும் அந்தச் சொல் தெரியாது. மூன்றாம் வகுப்போடு சிலேட்டைத் தூக்கி எறிந்த எனக்குத் தெரிந்திருந்தது.

நான் வளர்ந்த விதத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பதினாறு வயதில் தலையில் உப்பு மூட்டை வைத்துச் சம்மாந்துறை வரை நடந்து விற்றேன். பிறகு ஒற்றை மாட்டு வண்டில் வாங்கினேன், பிறகு ஐந்து வண்டில், பிறகு ஒரு நெல் ஆலை. ஐம்பதுகளின் தொடக்கத்தில் கல்முனைக்குத் தெற்கே எங்கள் கடற்கரைப் பக்கத்தில் சொந்த லொறி வைத்திருந்தவன் நான் ஒருவன்தான். யாருடைய தோளிலும் ஏறி நான் மேலே வரவில்லை. லொறி வந்த வருடமே என் தாய்வழிக் குடியினர் என்னைப் பள்ளிவாசலுக்கு மரைக்காராகத் தெரிந்தெடுத்தார்கள். ஒரு குடிக்கு ஒரு மரைக்கார். எல்லா மரைக்கார்களும் கூடியிருந்து சொல்வதுதான் அந்த நாளில் ஊருக்குச் சட்டம்.

சொல்லை எனக்குத் தந்தவர் காரைதீவுத் தமிழ் வாத்தியார் ஒருவர். மட்டக்களப்புக்குப் போகையில் அவரை லொறியின் முன் ஆசனத்தில் ஏற்றிக்கொண்டேன். வழியில் பழைய மாணவன் ஒருவனைக் கண்டு, "உன்னக் கண்டு ஒரு வியாழவட்டம் ஆகுதேடா" என்றார். லொறி நகர்ந்ததும் அது என்ன என்று கேட்டேன். கேட்க வெட்கப்படாதவன் நான். என் படிப்பு முழுவதும் அப்படிக் கேட்டுப் படித்ததுதான்.

"வியாழன் எண்டு ஒரு கிரகம் இருக்கு முதலாளி. ஒரு இராசிக்கு ஒரு வருஷமா, பன்னிரண்டு இராசியையும் சுத்தி வரப் பன்னிரண்டு வருஷம். அந்த ஒரு சுத்துத்தான் வியாழவட்டம்" என்றார்.

"அப்ப மாமாங்கமும் அதுதானே, சேர்?"

"அதுதான். ஆனா மாமாங்கம் எண்டா சனம் நினைச்ச மாதிரி நீட்டும், சுருக்கும். அஞ்சு வருஷத்துக்குப் பிறகு கண்டாலும் மாமாங்கம் எண்டுதான் சொல்லும். இது அப்பிடியில்ல. பன்னிரண்டு எண்டா பன்னிரண்டுதான்."

அந்தக் கறார் எனக்குப் பிடித்துவிட்டது. களுவாஞ்சிக்குடி தாண்டும்வரை அதை வாய்க்குள் வைத்துச் சொல்லிக்கொண்டே போனேன். வீட்டுக்கு வந்து மனைவியிடம்தான் முதலில் பாவித்தேன். எங்களுக்குக் கலியாணமாகிச் சரியாகப் பன்னிரண்டு வருடம் முடிந்திருந்தது.

"ஒரு வியாழவட்டமா உன்ட ஆணத்துல உப்புக் கூடத்தான்" என்றேன்.

"என்ன வட்டமோ, அதத் தின்டுதானே வயிறு இப்பிடி வட்டமா வந்திரிக்கி" என்றாள்.

வீட்டில் அந்தச் சொல்லுக்கு மதிப்பில்லை என்று விளங்கிக்கொண்டேன். அதற்கு ஏற்ற இடம் வரும்வரை காத்திருந்தேன். மூன்று மாதத்தில் வந்தது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகை முடியும்வரை கடலில் வலை இறங்கக் கூடாது என்பது எங்கள் ஊர்க் கட்டு. கரைவலைத் தோணிக்குத் தலைவனாக இருப்பவரைத் தண்டயல் என்போம். எங்கள் கரையில் பெரிய தண்டயல் ஒருவர் இருந்தார். என்னைவிடப் பதினைந்து வயது மூத்தவர். ஒரு வெள்ளிக்கிழமை, குத்பாப் பிரசங்கம் நடந்துகொண்டிருக்கும்போது, கீரி மீன் கரையை ஒட்டிக் கறுப்பாக வந்து நின்றதாம். மனுஷனுக்குப் பொறுக்கவில்லை. ஆட்களை இறக்கி வளைத்துவிட்டார். நாங்கள் தொழுது வெளியே வந்தபோது கரை முழுக்க மீன் துடித்துக்கொண்டிருந்தது.

அடுத்த நாள் அசர் தொழுகைக்குப் பிறகு விசாரணை. அவர் சிரித்த முகத்தோடுதான் வந்து நின்றார். அந்தக் குற்றத்துக்கு வழக்கமாக நடப்பது எல்லோருக்கும் தெரியும். பள்ளி விளக்குக்கு எண்ணெய் ஊற்றி, மன்னிப்புச் சொன்னால் முடிந்தது. கொஞ்சம் கடுமையாகப் போனால் ஒரு மாதம், மூன்று மாதம் ஊர்விலக்கு. விலக்கு என்றால் அந்த வீட்டு நன்மை தீமைக்கு ஊரார் போவதில்லை, கடையில் சாமான் கொடுப்பதில்லை, ஒஸ்தா முடி வெட்டுவதில்லை.

"மீன் வெள்ளிக்கிழம பாத்தா வருகுது, காக்கா?" என்று தலைமை மரைக்காரிடம் சொன்னார் தண்டயல். "அதுக்கு முதல்ல ஒரு தாக்கீது அனுப்புங்க, சனிக்கிழம வரச் சொல்லி."

கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. நான் சிரிக்கவில்லை. பள்ளிக்குள் பகிடி என்ன என்று கேட்டேன். அவர் என் பக்கம் திரும்பினார்.

"ஆ, உப்பு. நீயும் இரிக்கயா? நான் காணல்ல."

என்னைத் தண்டயல் எப்போதும் அப்படித்தான் கூப்பிடுவார். கடைத் தெருவில், லொறிக்கு முன்னால், என் தங்கை பிள்ளைகள் பார்க்க, உப்பு. மரைக்காராகி ஏழு மாதத்தில் ஒரு தரமாவது என்னை மரைக்கார் என்று அவர் வாய் சொல்லவில்லை. நான் குற்றத்தைப் பார்த்துத்தான் தண்டித்தேன் என்று பிற்காலத்தில் பலரிடம் சொல்லியிருக்கிறேன். அது முழு உண்மையல்ல.

தலைமை மரைக்கார், "என்ன செய்வம்? எவ்வளவு நாளைக்கு?" என்று கேட்டார்.

நான் எழுந்து நின்று, எழுத்தில் பேசுவதுபோல நிறுத்திச் சொன்னேன்: "ஒரு வியாழவட்டம் ஊர்விலக்கு."

ஒவ்வொரு முகமாகப் பார்த்தேன். கடிதம் எழுதிக் கொடுப்பவர் தாடியைத் தடவினார். கொழும்புக் கடைக்காரர் மெதுவாகத் தலையாட்டினார், தினமும் கேட்கிற சொல்லைக் கேட்டவர்போல. அவர் ஆட்டியதைப் பார்த்து மற்றவர்களும் ஆட்டினார்கள். "ஓம், அது சரி." "ஓம், ஓம், அப்பிடியே போடுங்க." பாங்கு சொல்லும் மோதினார் பள்ளிப் புத்தகத்தில் எழுதினார். நான் சொல்லச் சொல்ல எழுதினார். பிறகு பள்ளியில் தொழுவிக்கும் லெப்பை பாத்திஹா ஓதினார். பாத்திஹா ஓதி முடித்த தீர்ப்பை எங்கள் ஊரில் யாரும் தொடுவதில்லை.

"அது எத்தின நாள், மரைக்கார்?" என்று தண்டயல் கேட்டார். அன்றைக்குத்தான் முதன்முதலாக அப்படிக் கூப்பிட்டார்.

"போகப் போகத் தெரியும்" என்றேன்.

வெளியே செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோது தலைமை மரைக்கார் பக்கத்தில் வந்து, "மூணு மாசத்தத்தானே சொன்ன?" என்று மெதுவாகக் கேட்டார்.

"பன்னிரண்டு வருஷம், காக்கா."

அவருடைய கால் செருப்புக்குள் போகாமல் நின்றது. "அட பாவி. இத முதலே சொல்லியிருக்கலாமே."

"நீங்களும் முதலே கேட்டிருக்கலாமே."

ஒருவர் ஒருவராக எல்லோருக்கும் விளங்க இரண்டு நாள் ஆனது. விளங்கிய பிறகும் ஒருவரும் வாய் திறக்கவில்லை. திறந்தால், தெரியாத சொல்லுக்குத் தலையாட்டினேன் என்று சொல்ல வேண்டும். அதைச் சொல்வதைவிட ஒரு வீட்டைப் பன்னிரண்டு வருடம் மூடி வைப்பது அவர்களுக்கு எளிதாக இருந்தது.

தண்டயலின் வீட்டில் மனைவி முன்பே மௌத்தாகிவிட்டாள். ஒரே மகள், பதினேழு வயது. அவளுக்கு இறக்காமத்தில் மாப்பிள்ளை பேசி முடிந்திருந்தது. வயல்காரப் பிள்ளை, ஓதினவன், நெற்றியில் தொழுத தழும்பு. வெள்ளாமை வெட்டு முடிந்ததும் கலியாணம் என்று ஒப்பந்தம். எங்கள் வழக்கப்படி மாப்பிள்ளை பெண் வீட்டுக்குத்தான் வந்து வாழ வேண்டும். அதற்கு எங்கள் பள்ளி, மாப்பிள்ளை ஊர்ப் பள்ளிக்குச் சம்மதக் கடிதம் கொடுக்க வேண்டும். விலக்கு வீட்டுக்குக் கடிதம் இல்லை. பன்னிரண்டு வருடம் போனால் அந்தப் பிள்ளைக்கு இருபத்தொன்பது. இருபத்தொன்பது வயதுக் குமரை எங்கள் பக்கம் அந்த நாளில் யார் எடுப்பார்? இது எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டுதான் இருந்தேன்.

முதல் வாரமே தோணிக்காரர்கள் அவரை விட்டு வேறு தோணிக்குப் போனார்கள். மீன் எடுக்கிறவர்கள் அவரைத் தாண்டிப் போனார்கள். தாடியும் முடியும் வளர்ந்து மனுஷன் கரையில் தனியாக வீச்சுவலை எறிந்தார். மகள் முக்காட்டை இடுப்பில் சொருகிக்கொண்டு கயிறு பிடித்தாள். பொம்பிளைப் பிள்ளை கடலுக்குள் இறங்குவதைப் பற்றி ஊரில் பேச்சு வந்தது. அதையும் நான்தான் முதலில் பேசினேன்.

ஒரு நாள் காலை லெப்பை என் ஆலைக்கு வந்தார். நாற்காலி கொடுத்தேன், இருக்கவில்லை.

"அந்த வீட்டுல மையத்து விழுந்தா அடக்க நான் விலக்குப் பாக்க மாட்டன், அத முதல்ல சொல்லிப்போட்டன்" என்றார். "இது கலியாணம். இறக்காமத்து ஆக்கள் ஒரு வருஷம் பொறுப்பாங்களாம். நீங்க ஒரு சொல் சொன்னாப் போதும், மரைக்கார். வியாழவட்டம் எண்டா பன்னிரண்டு மாசம் எண்டு சொல்லுங்க. ஒருத்தரும் மறுக்க மாட்டாங்க. தெரிஞ்ச ஆள் இஞ்ச ஆரு இரிக்கா?"

"நான் இரிக்கன்."

"ஒரு குமருட வாழ்க்கை. பிழையாச் சொல்லிட்டன் எண்டு சொல்லுங்களன்."

"பிழையாச் சொல்லல்லியே, ஹஸ்ரத்."

ஜும்ஆவுக்குப் பிறகு கூட்டம் கூட்டினார்கள். இறக்காமத்து மாப்பிள்ளையின் மாமா தன் ஊர்ப் பெரியவர் ஒருவரோடு வந்து பாயில் இருந்தார். தண்டயல் வாசலுக்கு வெளியே, வெயிலில் நின்றார். விலக்குக்காரன் தொழலாம், கூட்டத்தில் இருக்க முடியாது. தலைமை மரைக்கார் என்னைப் பார்த்து, "அந்தச் சொல்லுக்குக் கருத்தச் சொல்லுங்க மரைக்கார். மாசமா, வருஷமா?" என்றார். மாசம் என்று சொல்லும்படி அவருடைய கண் கெஞ்சியது.

தண்டயல் வெளியிலிருந்து சொன்னார்: "மரைக்கார், நான் பகிடிக்குச் சொன்னதுகள மனசுல வெச்சிக்காதங்க. எனக்கு என்னவும் செய்யுங்க. முடி வெட்டாம மௌத்தாப் போறன். புள்ளைக்கு மட்டும் ஒரு வழி விடுங்க."

அவர் அழவில்லை. அழுதிருந்தால் என்ன செய்திருப்பேன் என்று தெரியாது. அந்த நேரத்தில் என் மனதில் ஓடியது ஒன்றுதான். இத்தனை படித்தவர்களும் என் வாயையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். மாசம் என்று சொன்னால், ஒரு சொல்லைக்கூடச் சரியாகத் தெரியாத உப்புக்காரன் என்று இவர்களே நாளைக்குச் சொல்லுவார்கள்.

"வருஷம்" என்றேன். "பன்னிரண்டு. எழுதினது எழுதினதுதான்."

ஒருவர் கூரை வளையைப் பார்த்தார், ஒருவர் பாயின் ஓரத்தைப் பிய்த்தார். மாப்பிள்ளையின் மாமா எழுந்து சால்வையை உதறினார்.

"எங்கட ஊருக்குள்ள யானை வந்து வெள்ளாமைய மிதிக்கும்" என்றார். "பசிச்சிட்டா வருகுது, திண்டிட்டுப் போகுது. நீங்க என்னத்துக்கு மிதிக்கிறீங்க எண்டுதான் விளங்குதில்ல."

ஸலாம் சொல்லிவிட்டுப் போனார். பதில் ஸலாம் சொன்னேன்.

தண்டயல் ஊரை விட்டுப் போக முடிவெடுத்தார். தெற்கே கடலோரம் கோமாரியில் மனைவி வழியில் ஒரு சொந்தம் இருந்தது. வீட்டுச் சாமானும் வலையும் ஏற்ற லொறி கேட்டு மகளை அனுப்பினார். தான் வந்தால் நான் பேச மாட்டேன் என்று நினைத்திருக்க வேண்டும். அவள் ஆலை வாசலில் நின்று கேட்டாள். விலக்கு வீட்டுக்கு லொறி ஓடாது என்றேன்.

"சரி, மாமா" என்றாள். போகாமல் நின்றாள். பிறகு, "வாப்பா கேக்கச் சொல்லல்ல, நான்தான் கேக்கிறன். கோமாரியிலயும் விலக்குத்தானா?" என்றாள்.

"அது அந்த ஊர்ப் பள்ளியப் பொறுத்தது" என்றேன்.

கடல் அமைதியாக இருந்த மாதம். தோணியிலேயே எல்லாவற்றையும் ஏற்றினார்கள். பெட்டகம், அம்மி, உறி, சுருட்டிய பாய்கள். தோணியைத் தண்ணீரில் தள்ள எட்டுப் பேராவது வேண்டும். கரையில் நாற்பது பேர் நின்றார்கள். நானும் நின்றேன். தகப்பனும் மகளும் இரண்டு பேராக, அலை ஏறும் நேரம் பார்த்து, முழங்காலை ஊன்றித் தள்ளினார்கள். அசைய வெகு நேரம் எடுத்தது. லெப்பை தலைப்பாகையைக் கழற்றி மணலில் வைத்துவிட்டு, சாரத்தை மடித்துக் கட்டி, மூன்றாவது ஆளாகப் போய்ப் பிடித்தார். நாலாவது ஆள் வரவில்லை.

அடுத்த வருடம் வெள்ளாமை வெட்டு முடிந்த கையோடு நான் இறக்காமம் போனேன். அந்த மாப்பிள்ளையை என் தங்கையின் மகளுக்குப் பேசினேன். நல்ல பிள்ளை, விட மனமில்லை. மாமன்காரர் முகம் கொடுக்கவில்லைதான். ஆனாலும் இரண்டு முறை அலைந்து, சீதனமாகக் கல் வீடும் வயலும் சொல்லி முடித்தேன். என் தங்கைக்கு அப்படியொரு மருமகனை அந்தக் காலத்தில் வேறு யாரால் எடுத்துக் கொடுத்திருக்க முடியும்? கலியாணக் காவின் எழுத எங்கள் லெப்பை வந்தார், ஓதினார், சாப்பாட்டுச் சஹன் வைக்க முன்னால் எழுந்து போய்விட்டார். மாப்பிள்ளை அமைதியானவன். இன்றுவரை என்னோடு ஒரு வார்த்தை கூடுதலாகவும் பேசியதில்லை, குறைவாகவும் பேசியதில்லை. ஆறு பிள்ளைகள்.

தண்டயலின் மகளுக்குக் கோமாரியில் கலியாணம் நடந்ததா என்று நான் விசாரிக்கவில்லை. அந்தப் பக்கத்துக் கருவாட்டு வியாபாரிகள் மாதத்துக்கு இரண்டு தரம் என் வாசலில் வண்டில் அவிழ்ப்பார்கள். தேத்தண்ணி குடித்து, ஊர்க் கதை எல்லாம் சொல்லுவார்கள். அவர்கள் பேச்சு கரைவலைப் பக்கம் திரும்பினால், கருவாடு என்ன விலை என்று கேட்டுவிடுவேன்.