ஆடிக் காற்றும் அம்மாவின் கேட்டும்

அம்மா இல்லாமல் ஓர் ஆடி மாதம் வந்து போய்விட்டது. இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அம்மாவின் பொறுமை, பக்தி, சிக்கனம் என்று நாலு நல்ல வார்த்தை எழுதினால் போதும் என்றான் தம்பி. அம்மா பொறுமைசாலி இல்லை என்பது உங்கள் எல்லோருக்கும் தெரியும். அவரிடம் வாங்கிக் கட்டிக்கொள்ளாதவர்கள் எங்கள் தெரு மடவார் வளாகத்தில் குறைவு. ஆகவே நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன். நான் பேய், பிசாசு கதைகளை நம்புகிறவள் இல்லை என்பதையும் சேர்த்து நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அம்மா பிறந்தது தேவதானத்தில், விவசாயக் குடும்பத்தில். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு வயல் வேலைக்குப் போனவர். அப்பாவுக்கு வாழ்க்கைப்பட்டு வந்தபோது அப்பா ரயில்வேயில் கேட்மேன். ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவே, பருத்திக் காடும் கரிசலுமாகக் கிடக்கும் ஓரிடத்தில், சாலை ஒன்று மீட்டர் கேஜ் தண்டவாளத்தைக் கடந்து போகும். அங்கே இருபுறமும் இரும்புக் கதவுகள், ஒரு சிறிய அறை, அறைக்குள் ஒரு டெலிபோன். அதுதான் அப்பாவின் கேட்.

அந்தக் காலத்து ஏற்பாட்டை இளைய தலைமுறைக்காகச் சொல்கிறேன். வண்டி புறப்படும் முன் ஸ்டேஷன் மாஸ்டர் போனில் கூப்பிடுவார். கேட்மேன் இரண்டு கதவுகளையும் மூடி, சங்கிலி சுற்றி, பூட்டுப் போட்டுவிட்டு, "பூட்டியாச்சு" என்பார். பிறகுதான் வண்டிக்கு வழிவிடும் கைகாட்டி விழும். ஆனால் கைகாட்டிக்கும் கேட்டுக்கும் எந்தத் தொடர்பும் கிடையாது. கேட் திறந்து கிடந்தாலும் கைகாட்டி விழும், வண்டி வரும். நடுவில் இருந்ததெல்லாம் ஒரு மனிதரின் வாய்ச்சொல்தான்.

எண்பதுகளின் தொடக்கத்தில் அந்தக் கேட்டிலேயே அப்பா போய்விட்டார். விறகுக்குக் காய்ந்த பருத்திமார் ஏற்றிய மாட்டுவண்டியின் சக்கரம் தண்டவாளத்துக்குள் இறங்கிச் சிக்கிக்கொண்டது. மாடுகளை அவிழ்த்துவிட்டு, வண்டிக்காரரையும் வெளியே தள்ளிவிட்டார். தான் விலக அவருக்கு நேரம் கிடைக்கவில்லை. நான் அப்போது பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தேன், தம்பி சின்னவன்.

கருணை அடிப்படையில் அம்மாவுக்கு வேலை வந்தது. ஸ்டேஷனில் பெருக்கித் துடைக்கும் வேலைதான் முதலில் தருவதாகச் சொன்னார்கள். அம்மா அந்தக் கேட்டைத்தான் கேட்டார். சோழபுரத்திலிருந்து வந்த சித்தப்பா, ரத்தம் சிந்திய இடத்தில் பொம்பளை தனியாக உட்காரலாமா என்று தலையில் அடித்துக்கொண்டார்.

"அவிய நின்ன எடத்துல நான் நின்னா என்ன? அங்க எனக்கு என்ன பயம்?" என்றார் அம்மா. அதோடு பேச்சு முடிந்தது. பகல் டூட்டி கொடுத்தார்கள். அந்தச் சம்பளத்தில்தான் நாங்கள் இருவரும் சாப்பிட்டோம், படித்தோம்.

அந்த முதல் ஆடியிலேயே தொல்லை ஆரம்பித்தது. மேற்கே மலையிலிருந்து இறங்கும் ஆடிக் காற்றை நம் ஊர்க்காரர்களுக்கு விவரிக்க வேண்டியதில்லை. காற்று எழும்பும் நாட்களில் கேட் அறையில் போன் மணி அடிக்கும். எடுத்தால் யாரும் பேசமாட்டார்கள். உள்ளே ஓர் இரைச்சல் மட்டும் கேட்கும். ஸ்டேஷனைக் கூப்பிட்டுக் கேட்டால், தான் கூப்பிடவே இல்லை என்பார் மாஸ்டர். அம்மா என்ன செய்வார் தெரியுமா? பேச்சில்லாமல் மணி அடிக்கும்போதெல்லாம் கேட்டை மூடிவிடுவார். வண்டி வராது. சைக்கிள்காரர்களும் மாட்டுவண்டிக்காரர்களும் வெயிலில் நின்று கத்துவார்கள். மணி அடித்தால் யாரோ ஏதோ சொல்ல வருகிறார்கள், திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க என்னால் முடியாது என்பார் அம்மா.

செத்துப்போன புருஷன் கூப்பிடுகிறார் என்று இந்த அம்மா கேட்டை மூடுகிறது என ஊரெல்லாம் பேச்சானது. பிறகு நான் மில்லில் வேலைக்குச் சேர்ந்தபோது அங்கேயும் அதைச் சொல்லிச் சிரித்தார்கள். புகார் மேல் புகார் போய், கடைசியில் அதிகாரி ஒருவர் நேரிலேயே வந்தார். ஸ்டேஷன் உத்தரவில்லாமல் இன்னொரு தடவை கேட் மூடினால் வேலை போய்விடும் என்று, சாலையில் நின்றவர்கள் முன்னிலையிலேயே சொல்லிவிட்டுப் போனார். அன்றிரவு அம்மா சாப்பிடவில்லை. அதற்குப் பிறகு மணி அடித்தாலும் மூடுவதில்லை என்று எங்களிடம் சொன்னார்.

அதிகாரி வந்துபோன மறு ஆண்டு ஆடியில் ஒரு நாள். எனக்குக் காலை ஷிப்ட். தோழி ஒருத்தி கேட்டுக்கொண்டதால் அன்று மதிய ஷிப்டுக்கு மாற்றிக்கொண்டேன். அம்மா விடியற்காலையே டூட்டிக்குப் போய்விட்டதால் அவருக்கு இது தெரியாது. உச்சி வேளையில் மில் பஸ் அம்மாவின் கேட்டை நெருங்கியது. கேட் பூட்டிக் கிடந்தது.

டிரைவர் ஹாரன் அடித்தார். அறையிலிருந்து அம்மா வெளியே வந்தார். கேட்டைப் பார்த்தார். பிறகு அப்படியே தண்டவாளத்தின் பக்கம் திரும்பி, மேற்கே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டார். டிரைவர் இறங்கிப் போய், வண்டி வருகிறதா என்று கேட்டார். இல்லை என்றார் அம்மா. அப்புறம் எதற்குப் பூட்டி வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டபோதும் மேற்கிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. நான் பஸ்ஸுக்குள் தலையைக் குனிந்துகொண்டேன். இன்றோடு அம்மாவின் வேலை போய்விட்டது என்றுதான் நினைத்தேன்.

டிரைவர் சும்மா விடவில்லை. அறைக்குள் போய் அவரே ஸ்டேஷனுக்குப் போன் போட்டார். வெளியே வந்து, "மாஸ்டரே சொல்லிட்டாவ, எந்த வண்டியும் கெடையாதாம். தொறங்கக்கா" என்றார். ஷிப்டுக்கு நேரமாகிறதே என்று நாலைந்து பேர் இறங்கிப்போய் அம்மாவைச் சூழ்ந்துகொண்டார்கள். ஒருவர் சாவிக்காகக் கையை நீட்டினார்.

"தொட்டேன்னா கைய ஒடிச்சிருவேன். செத்த நேரம் பொறுங்க" என்றார் அம்மா. திட்டும்போது எப்போதும் உச்சத்துக்குப் போகும் அந்தக் குரல், அன்று இறங்கிப்போய் ஒலித்தது.

அப்போதுதான் அவை வந்தன. நாலு கூட்ஸ் பெட்டிகள். முன்னால் இஞ்சின் இல்லை, பின்னால் கார்டு பெட்டி இல்லை. ஊதல் சத்தம் இல்லை. காற்று இரைந்ததில் சக்கரச் சத்தம்கூட மிக அருகில் வந்தபிறகுதான் கேட்டது. காலிப் பெட்டிகள். அவற்றின் கதவுகள் திறந்து கிடந்தன, உள்ளே இருட்டாக இருந்தது. காற்று அந்தக் கதவுகள் வழியாகப் புகுந்து வெளியேறும்போது ஆள் முனகுவது மாதிரி ஒரு சத்தம் வந்தது. எங்கள் கண்ணெதிரே, கேட் திறந்திருந்தால் பஸ் இருந்திருக்கும் இடத்தின் மேலேயே உருண்டு, கிழக்கே போய் மறைந்தன. இஞ்சின் எங்கே என்று எனக்குப் பின் சீட்டில் யாரோ கேட்டார்கள்.

அம்மா திரும்பியபோது பஸ் ஜன்னலில் என் முகத்தைப் பார்த்தார். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். நான் இறங்கி ஓடிப்போய்ப் பிடித்துக்கொண்டேன். அவர் உடம்பு சில்லென்று இருந்தது.

ஒரு மேட்டில் ஏற முடியாமல் அந்தப் பெட்டிகள் தாமாகவே நின்றுவிட்டன. யாருக்கும் சேதமில்லை. விசாரணை நடந்தது. எப்போதும்போல் மணி அடித்தது, யாரும் பேசவில்லை, மனசு கேட்காமல் மூடினேன் என்றார் அம்மா. காற்றில் கம்பிகள் ஆடி ஒன்றோடொன்று உரசினால் மணி அடிக்கும் என்று லைன்மேன் விளக்கினார். சக்கரத்துக்குக் கட்டை வைக்காமல் ஸ்டேஷன் யார்டில் விட்டிருந்த காலிப் பெட்டிகளையும் அதே காற்றுதான் தள்ளிவிட்டிருக்கிறது. ஆக எல்லாம் காற்றின் வேலை என்று எழுதி முடித்தார்கள். அம்மாவின் வேலையும் தப்பியது. எனக்கும் அந்த விளக்கம் திருப்தியாகத்தான் இருந்தது.

தொண்ணூறுகளில் எங்கள் பாதைக்கும் புதுமை வந்தது. கம்பிகளை எடுத்துவிட்டு மண்ணுக்கடியில் கேபிள் போட்டார்கள். கேட்டைச் சிக்னலோடு பிணைத்தார்கள். கேட் மூடிப் பூட்டினால்தான் இனி சிக்னல் விழும், வண்டி தாண்டும்வரை சாவி வெளியே வராது. போன் மணி காரணமில்லாமல் அடிப்பதும் நின்றது. பொறியாளர் எல்லாவற்றையும் விளக்கி முடித்ததும் அம்மா ஒரே ஒரு கேள்வி கேட்டாராம், இனிமேல் இந்தக் கேட்டை என்னைத் தவிர வேறு யாரும் மூட முடியாதல்லவா என்று. முடியவே முடியாது என்றிருக்கிறார் அவர். அன்று வீட்டுக்கு வந்து அம்மா வெகுநேரம் அழுதார். சந்தோஷத்தில் அழுகிறார் என்று நினைத்து நானும் தம்பியும் கிண்டல் செய்தோம்.

தம்பி வேலைக்குப் போய், எனக்கும் கல்யாணமான பிறகுதான் அம்மா நோயில் படுத்தார். ராஜபாளையத்தில் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தோம். ஒரு நாள் பிற்பகல், அவரைச் சிரிக்கவைக்கலாம் என்று அந்த மில் பஸ் கதையை எடுத்தேன். சாவி கேட்டவர் முகம் போன போக்கைச் சொன்னேன். அம்மா சிரிக்கவில்லை.

"ஏட்டி, அன்னைக்குப் போன் அடிக்கவே இல்ல."

அப்புறம் ஏன் மூடினீர்கள் என்றேன்.

"நான் எங்க மூடுனேன்? உள்ள சோறு தின்னுக்கிட்டிருந்தேன். ஆரன் சத்தம் கேட்டு வெளிய வந்தா ரெண்டு பக்கமும் மூடிக் கெடக்கு. பூட்டும் போட்டிருக்கு. சாவி என் இடுப்புல இருக்கு."

கதவைக் காற்று மூடியிருக்கலாம். ஆனால் காற்றுக்குப் பூட்டுப் போடத் தெரியாது. தான் மூடவில்லை என்று சொன்னால் பைத்தியம் என்று வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள், உங்கள் இருவரையும் யார் பார்ப்பார்கள் என்றுதான் விசாரணையில் அப்படிச் சொன்னாராம். அப்பாவாக இருக்குமோ என்று கேட்டேன். எனக்கே அது ஆறுதலாக இருந்தது.

அம்மா தலையை ஆட்டினார். "ஒங்க அப்பா சங்கிலிய ரெண்டு சுத்து சுத்தித்தான் பூட்டுவாவ. என்னையும் அப்படித்தான் பழக்கி வச்சாவ. அன்னைக்கு ஒரு சுத்துதான் கெடந்துச்சு. அது அவிய பூட்டு இல்ல."

பிறகு, "அதுக்குப் பொறவும் அங்கதான தனியா உக்காந்திருந்தேன், எம்புட்டு வருசம்" என்றார். எங்களுக்காகத் தினமும் சோற்றுத் தூக்குச்சட்டியுடன் அம்மா எந்த இடத்துக்குப் போய்வந்தார் என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது; பொறியாளர் விளக்கிய அன்று அவர் அத்தனை நேரம் அழுததன் காரணமும். அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். அந்த வாரமே, நாங்கள் இருவரும் பக்கத்தில் இருக்கும்போது, அம்மா அமைதியாகக் கண்மூடினார்.

நோயில் அவரைக் கைமேல் வைத்துப் பார்த்துக்கொண்ட மருத்துவருக்கும் செவிலியர்களுக்கும், இறுதி நாளில் எங்கள் வீட்டு அடுப்பு எரியாதபோது எல்லோருக்கும் சோறு ஆக்கிப்போட்ட மடவார் வளாகத்து அண்டை வீட்டாருக்கும், டூட்டி முடிந்த சட்டையோடு வந்து தோள் கொடுத்த ரயில்வே அன்பர்களுக்கும், அன்று அந்தப் பஸ்ஸில் என்னோடு இருந்து இன்று குழந்தை குட்டிகளோடு வந்திருக்கும் மில் தோழியருக்கும் நாங்கள் கடமைப்பட்டிருக்கிறோம். இன்னும் ஒருவர் இருக்கிறார். அன்று கேட்டைப் பூட்டியவர். அவர் யாரென்று எங்களுக்குத் தெரியாது. யாராக இருந்தாலும் அவருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.