தமாயோ ஓட்டிவந்த ரயில்

பத்தொன்பது வருஷம் ரயிலின் முகத்தை மட்டுமே பார்த்தவள் தமாயோ. ஹமதோமரி அந்தப் பாதையின் கடைசி ஸ்டேஷன். தண்டவாளம் ஒரு தடுப்புக் கட்டையில் போய் முடியும். கட்டையைத் தாண்டி நாலு எட்டு வைத்தால் கடல். பக்கத்திலேயே அவள் உட்காரும் டிக்கெட் கவுண்டர். வருகிற வண்டியெல்லாம் அவளைத் தேடியே ஓடிவருவது போலிருக்கும்.

பிறகு டிக்கெட்டை விழுங்கித் திறக்கும் தானியங்கிக் கதவுகள் வந்தன. கவுண்டரை மூடினார்கள். தொலைந்த பொருட்களைப் பார்த்துக்கொள்ளும் பிரிவில் இடம் இருக்கிறது, போகிறீர்களா என்று அதிகாரி கேட்டார்.

"டிரைவர் பரீட்சை எழுதலாமா?" என்றாள் தமாயோ.

கேட்டது தன் வாய்தானா என்று அவளுக்கே சந்தேகம் வந்தது. அப்போது அவளுக்கு வயது நாற்பத்தொன்று.

புருஷன் கென்சாகு மீன் வடைப் பட்டறையில் வேலை பார்த்தான். சோற்றுக் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தான்.

"சைக்கிள் ஓட்டினாலே சுவத்துல முட்டுற ஆளு நீ!"

"ரயிலுக்கு வளைச்சுத் திருப்புற வேலையே இல்லீங்க. நிறுத்தத் தெரிஞ்சா போதும்."

"அதத்தான் நானும் சொல்றேன். நிறுத்தலன்னா கடலாச்சே!"

முதல் தடவை தோற்றாள். மறுவருஷம் தேறினாள். ரயில்காரர்கள் எதையும் விரல் நீட்டி, உரக்கச் சொல்லிச் சரிபார்ப்பார்கள். அவள் அந்தப் பழக்கத்தைச் சமையலறையிலேயே ஆரம்பித்தாள். "அடுப்பு அணைச்சாச்சு! ஜன்னல் சாத்தியாச்சு!" பதினைந்து நாளில் கென்சாகுவும் வாசலில் நின்று, "செருப்பு மாட்டியாச்சு!" என்று கத்திவிட்டு வேலைக்குப் போனான்.

ஓட்டக் கற்றுக்கொடுத்தவன் குவாபரா. அவளைவிடப் பன்னிரண்டு வயது சின்னவன். அவளுடைய குடும்பப் பெயரான ஒகிமுராவோடு 'சான்' சேர்த்து, மரியாதை குறையாமல் திட்டுவான். மற்ற ஸ்டேஷன்களில் குறி பிசகாமல் நிறுத்துவாள். ஹமதோமரியில் மட்டும், எதிரே கடல் பெரிதாகிக்கொண்டே வர, கை தானாகப் பிரேக்கை முன்னதாகவே இழுத்துவிடும். வண்டி மூன்று மீட்டர் முன்னாலேயே நின்றுவிடும்.

"ஒகிமுராசான், பின்னாடி கதவு பிளாட்பாரத்துக்கு வெளிய நிக்குது. அந்த ஜனங்க எங்க இறங்குவாங்க?"

"மன்னிச்சுக்குங்க. கடல் கிட்ட வந்துடுது."

"கடல் அங்கயேதான் இருக்கு. நீங்கதான் கிட்டப் போறீங்க."

விடுமுறை நாளில் தமாயோ பழைய கவுண்டருக்குப் பக்கத்தில் போய் நின்றாள். எத்தனை ஆயிரம் வண்டிகள் வந்து நின்ற சத்தம் அந்தக் காதுக்குள் இருந்தது! கண்ணை மூடிக் கேட்டாள். பிரேக் சீறும். தேர்ந்த கைகள் கொஞ்சம் தளர்த்தி, மறுபடி மெல்லப் பிடிக்கும். தளர்த்துகிற நொடியில் கண்ணைத் திறந்தாள். வண்டியின் முகம் இரண்டாவது விளக்குக் கம்பத்தருகே இருந்தது. அடுத்த வண்டியும் அங்கேதான். அதற்கடுத்ததும்! அவள் பிளாட்பாரத்திலேயே குதித்தாள். அடுத்த வாரப் பயிற்சியில் பின்கதவு ஒருதரமும் வெளியே நிற்கவில்லை.

முதன்முதலாகத் தனியே ஓட்டியது ஒரு திங்கட்கிழமை. ஏழு பன்னிரண்டுக்கு ஹமதோமரி போய்ச்சேரும் நாலு பெட்டி வண்டி. குகையைத் தாண்டியதும் தூறல் பிடித்துக்கொண்டது. கடற்காற்று உப்புநீரை வாரித் தண்டவாளத்தில் இறைத்தது. நெஞ்சு படபடவென்று அடித்தது. ஆனால் பயம் இல்லை. திருவிழாக் கூட்டத்துக்குள் ஓடுகிற பிள்ளையின் படபடப்பு அது.

பிளாட்பாரம் தெரிந்தது. நகரத்துக்கு வேலைக்குப் போகிறவர்கள் குடையோடு வரிசையில் நின்றார்கள். பிரேக் பிடித்தாள். சக்கரம் வழுக்கியது. வண்டி நினைத்ததைவிட வேகமாகப் போயிற்று. கம்பத்தருகே தளர்த்தக் கூடாது என்று கை சொன்னது. தளர்த்தாமல் இன்னும் ஒரு படி இறுக்கினாள். வண்டி முனகியது, இழுத்தது, நின்றது.

எட்டி, வண்டி நிற்க வேண்டிய குறியைப் பார்த்தாள். ஒரு சாண் தள்ளி!

பின்கதவு உட்பட எல்லாக் கதவும் பிளாட்பாரத்திலேயே திறந்தன. இறங்கியவர்களில் தினமும் வாளியோடு தூண்டில் போட வரும் கிழவர் நோசேவும் இருந்தார்.

"தமாயோவா ஓட்டுனது? நல்லவேளை! வண்டியக் கடல்ல இறக்கி என் மீனெல்லாம் ஓட்டிருவியோன்னு பயந்தேன்!"

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். யாரோ கைதட்டினார்கள். கூட்டத்துக்குப் பின்னால் பட்டறை ரப்பர் பூட்ஸோடு கென்சாகு நின்றான்.

"நான் ஒண்ணும் பாக்க வரல. தீப்பெட்டி வாங்க வந்தேன்" என்றான். கண் சிவந்திருந்தது.

வேலை நேரத்தில் பேசக்கூடாது. வெள்ளைக் கையுறைக் கையை நெற்றியில் வைத்து அவனுக்கு ஒரு சல்யூட் அடித்தாள். திரும்பிப் போகிற வண்டியை மறுமுனையிலிருந்து ஓட்ட வேண்டும். நாலு பெட்டி நீளமும் மழையில் நடந்தாள். ஓடத்தான் ஆசை. ரயில்வே விதி இடம் கொடுக்கவில்லை.

ஏழு பத்தொன்பதுக்கு, ஒரு நொடி பிசகாமல், "புறப்பாடு!" என்று விரல் நீட்டிக் கத்தினாள். டிரைவர் அறைக் கண்ணாடிக்குப் பின்னால் முதல் பெட்டியில் நின்ற பள்ளிக்கூடப் பெண்கள் திடுக்கிட்டுத் திரும்பினார்கள்.