விரல் விழுந்த வரி

வடக்கே வேம்பாரிலிருந்து தெற்கே மணப்பாடு வரைக்கும் அற்புதமணி டீச்சரைப் போல வேதாகமம் வாசித்த ஆள் கிடையாது. ஆதியாகமம் முதல் வெளிப்படுத்தல் வரை நாற்பது தடவை. கண்ணைக் கட்டிவிட்டு ஒரு பக்கத்தை மூக்கருகே கொண்டுபோனால் போதும், இது லேவியராகமம், இது ரூத் என்று வாசனையை வைத்தே சொல்லிவிடுவாள்.

சரி, கொஞ்சம் கூட்டித்தான் சொல்லியாயிற்று. வாசித்தது ஒன்பது தடவை. வாசனை பிடித்தது ஒரே ஒரு தடவை, அதுவும் அந்தப் பக்கத்தில் சாளைக் குழம்பு சிந்தியிருந்ததால். ஆனால் இனிமேல் சொல்லப்போவதில் கூட்டல் இல்லை. அவ்வளவு வாசித்தவளுக்கு அந்தப் புத்தகத்தைத் திறக்கப் பயம்.

திறக்கும்போது இரண்டு கைகளாலும் அட்டையின் ஓரத்தை மட்டும்தான் பிடிப்பாள். விரல் எந்த வரியிலும் பட்டுவிடக் கூடாது. நேற்று நிறுத்திய இடத்தில் ஒரு பனையோலை நறுக்கு இருக்கும். அங்கிருந்து வரிசையாக வாசித்து, ஓலையை நகர்த்தி வைத்து மூடுவாள். காற்றில் தாள் புரண்டு வேறு பக்கம் விரிந்துகொண்டால், குளிக்கிற இடத்தில் தெரியாமல் நுழைந்துவிட்டவளைப் போல முகத்தைத் திருப்பிக்கொள்வாள்.

அந்தப் பயம் பிடித்தது சாத்தான்குளத்தில். அவள் அம்மை ஞானபாக்கியத்துக்கு எதற்கும் வசனம் எடுத்துப் பார்க்க வேண்டும். மாடு வாங்கலாமா, கிணறு வெட்டலாமா, பெண்ணைப் பள்ளிக்கூடம் அனுப்பலாமா, எல்லாவற்றுக்கும். கண்ணை மூடி ஜெபம்பண்ணுவாள், வேதாகமத்தை எங்கேயாவது திறப்பாள், விரலை வைப்பாள். விரல் விழுந்த வரிதான் பதில். அந்தக் காலத்துப் புராட்டஸ்டண்ட் சபை வீடுகளில் பல பெண்களுக்கு உள்ள வழக்கம்தான். அற்புதமணிக்கு ஒன்பது வயதில் அப்பாவுக்குக் காய்ச்சல் கண்டது. பாளையங்கோட்டை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வாசலில் வண்டி பூட்டி நின்றது. அம்மை வசனம் எடுத்தாள். வியாதியில் கிடந்த ஒரு ராஜாவிடம் தீர்க்கதரிசி வந்து, இனிப் பிழைக்க வழியில்லை, வீட்டுக் காரியங்களைப் பார்த்துக்கொள் என்று சொல்லுகிற இடத்தில் விரல் விழுந்தது. அம்மை புத்தகத்தை மூடினாள். வண்டிக்காரரைப் பார்த்து, "மாட்ட அவுத்துருங்க" என்றாள். ஐந்தாம் நாள் அப்பா போய்விட்டார்.

பத்து வருஷம் கழித்து, ஆசிரியப் பயிற்சிக்குப் படிக்கும்போது, வரிசையாக வாசித்துக்கொண்டே வந்த அற்புதமணி அந்த அதிகாரத்துக்கு வந்து சேர்ந்தாள். ராஜா சுவர்ப் பக்கம் திரும்பி அழுகிறான். இன்னும் நாலு வரி. அவனுக்குப் பதினைந்து வருஷம் ஆயுசு கூட்டிக் கொடுக்கப்படுகிறது. அதே அதிகாரத்தின் முடிவில் அவனுக்கு மருந்துகூடப் போடுகிறார்கள். அம்மை விரலை எடுத்த இடத்துக்கு நாலே வரி கீழே அப்பாவின் உயிர் இருந்தது.

அன்றைக்குப் பிடித்ததுதான் அவள் முறை. எந்த வசனமானாலும் மூன்று கேள்வி: சொன்னது யார்? யாரிடம் சொன்னது? அதற்கு முன்னாலும் பின்னாலும் என்ன இருக்கிறது? தூத்துக்குடியில் வேலைக்கு வந்தபின், ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் பதினோரு பெண்களை உட்காரவைத்து இதையே சொல்லிக்கொடுத்தாள்.

"ஒரு வசனத்துக்கு நாலு வாரமா டீச்சர்?" என்பாள் ஜெபகனி. வகுப்பில் வாய் ஓயாதவள் அவள்தான். "இப்படிப் போனா நாங்க பரலோகம் போய்ச் சேர எத்தன வருசம் ஆகும்?"

"நீ இப்பவே போகணும்னா போளா. நாங்க முன்னாடி பின்னாடி வாசிச்சிட்டு வாரோம்."

எல்லாரும் சிரிப்பார்கள். டீச்சரும் சிரிப்பாள், இரண்டு கையாலும் அட்டை ஓரத்தைப் பிடித்தபடி.

எழுபத்து மூன்றாம் வருஷம் கார்த்திகை மாதம். ஒரு சனிக்கிழமை மத்தியானம் பக்கத்து வீட்டு ஆக்னஸ், மாவு பிசைந்த கையைக்கூடக் கழுவாமல் வந்து நின்றாள். கத்தோலிக்கப் பெண். அவள் புருஷன் பாஸ்கல், கொழும்புக்குச் சரக்கு கொண்டுபோகிற பாய்மரத் தோணிக்குத் தண்டல். தோணியை நடத்துகிற தலைவனுக்குக் கரையில் தண்டல் என்றுதான் பேர்.

"ஒம்பது நாளாச்சு டீச்சர். கொழும்புலருந்து போன வாரம் வியாழக்கிழமை பாய் விரிச்சிட்டாவன்னு தந்தி வந்துச்சு. பின்னால கிளம்புன ரெண்டு தோணி கரையடைஞ்சிட்டு. அவுக தோணியக் காணல."

"தோணி முதலாளி என்னளா சொல்லுதாரு?"

"'பொறுங்கம்மா'ங்காரு. பொறுத்துப் பொறுத்து வயித்துல தீப்பிடிச்சுக் கிடக்கு." சேலைத் தலைப்பில் கையைத் துடைத்தாள். "உங்க ஆளுக வேதத்துல விரல் வச்சுப் பாப்பாவளாமே. ஜெபகனி சொன்னா. எனக்கு ஒண்ணு பாத்துச் சொல்லுங்க."

டீச்சர் தலையாட்டி மறுத்தாள். "அது தப்புளா. அப்படிப் பாக்கக் கூடாது."

"கூடாதுன்னா நான் கோடாங்கிட்ட குறி கேக்கப் போறேன். எனக்கு யாராவது ஒரு வார்த்த சொல்லணும்."

கோடாங்கி என்றதும், டீச்சருக்கு ஒரு குறும்பு யோசனை தோன்றியது. வேதாகமத்தைச் சரியாக நடுவில் திறந்தால் சங்கீதம்தான் வரும். எங்கே விரல் வைத்தாலும் ஆறுதலாக ஏதாவது கிடைக்கும். நாற்பது வருஷப் பயத்தை ஒரு கள்ள ஆட்டத்தால் தாண்டிவிடலாம் என்று எண்ணிவிட்டாள். கண்ணை மூடினாள், புத்தகத்தைத் திறந்தாள், விரலை வைத்தாள்.

கை தவறியிருக்க வேண்டும். நடுவைத் தாண்டி வெகுதூரம் போய்விட்டிருந்தது. எசேக்கியேல், இருபத்தேழாம் அதிகாரம். ஒரு கப்பல். நடுக்கடல். கிழக்கேயிருந்து அடிக்கிற கொண்டல் காற்று அதை உடைத்துப் போட்டுவிட்டது.

"என்ன டீச்சர் வந்திருக்கு?"

"போறதையும் வாறதையும் காப்பாருன்னு வந்திருக்கு" என்றாள் டீச்சர். சங்கீதத்திலிருந்து ஞாபகத்தில் எடுத்துச் சொன்னது.

ஆக்னஸ் சிலுவை போட்டுக்கொண்டாள். அவர்கள் வழக்கப்படி குனிந்து, விரல் இருந்த இடத்திலேயே புத்தகத்தை முத்தமிட்டாள். புருஷன் கப்பல் உடைந்த வரியை உதட்டால் தொட்டுவிட்டு, சிரித்த முகத்தோடு போனாள். அந்த இடத்தில் ஒரு பொட்டு மாவு ஒட்டியிருந்தது.

அன்றிலிருந்து டீச்சருக்கு எல்லாமே சத்தமாகக் கேட்டது. ஓடு தடதடத்தால் எழுந்துபோய் வாசலைப் பார்த்தாள். பள்ளிக்கூட மணி சாவு மணி போல இருந்தது. கரும்பலகையில் எழுதிக்கொண்டிருக்கும்போதே எழுத்துகள் கடலுக்குள் சாய்வது போலத் தெரிந்து, பிள்ளைகளை வாய்ப்பாடு சொல்லச் சொல்லிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். ஞாயிற்றுக்கிழமை தலைவலி என்று சொல்லி வகுப்பை நிறுத்தினாள். வீட்டில் நோட்டைத் திறந்து தன் மூன்று கேள்விகளையும் எழுதினாள். சொன்னது யார்? தீர்க்கதரிசி. யாரிடம்? தீரு என்ற வியாபாரப் பட்டணத்திடம். அந்தக் கப்பல் உண்மையில் கப்பலே இல்லை, செல்வத்தில் மிதந்த ஒரு பட்டணத்தைக் கப்பலாக வைத்துப் பாடிய ஒப்பாரி. எல்லாம் சரியாக வந்தது. மனசுக்கு விளங்கியது. வயிற்றுக்கு விளங்கவில்லை.

அப்பாவுக்கு விழுந்த அதிகாரத்தில் ராஜாவைக் காப்பாற்றிய நாலு வரியை நினைத்து, இங்கேயும் நாலு வரி கீழே போனாள். இங்கே அடுத்த வரியிலேயே மாலுமிகளும் மூழ்கினார்கள்.

செவ்வாய்க்கிழமை காலையில் தெருக்குழாயில் தண்ணீர் பிடிக்க நின்றபோது, முன்னால் நின்ற இரண்டு பெண்கள் பேசுவது காதில் விழுந்தது. இரண்டு பேர் புருஷன்மாரும் பாஸ்கலின் தோணியில் போனவர்கள். தோணியாட்களின் பெண்டாட்டிகள் ஏழு பேரும் திங்கட்கிழமை துறைமுக ஆபீசுக்குப் போய், மற்றத் துறைமுகங்களில் கம்பியில்லாத் தந்தியில் விசாரிக்கும்படி மனு கொடுப்பதாக இருந்ததாம். ஆக்னஸ்தான் தடுத்துவிட்டாளாம்.

"டீச்சர் வேதத்துல நல்ல வாக்கு வந்திட்டாம். இனிமே ஆபீசுக்குப் போனா நம்பிக்க இல்லன்னு ஆயிருமாம்" என்றாள் ஒருத்தி.

டீச்சர் வரிசையை விட்டு விலகினாள். அம்மை மாட்டை அவிழ்க்கச் சொன்ன அதே வாசலில், இப்போது அவள் நின்றாள். அம்மை கெட்ட வசனத்தால் அவிழ்த்தாள். மகள் நல்ல வசனத்தால் அவிழ்த்துவிட்டாள். அங்கே ஒரு உயிர், இங்கே ஏழு.

குடத்தை அப்படியே போட்டுவிட்டு ஆக்னஸ் வீட்டுக் குசினிக்குள் போனாள். ஆக்னஸ் அடுப்பை ஊதிக்கொண்டிருந்தாள். டீச்சர் நின்றபடியே சொன்னாள். நான் பொய் சொன்னேன், விரல் விழுந்தது வேறே இடம், இதுதான் வந்தது. ஒவ்வொரு சொல்லுக்கும் பல் தந்தியடித்தது.

ஆக்னஸ் ஊதுகுழலைக் கீழே வைத்தாள். முகத்தில் ரத்தம் இல்லை. பிறகு, "புஸ்தகத்த எடுத்துட்டு வாங்க" என்றாள். "முழுசையும் வாசிங்க. முன்னாடி பின்னாடி எல்லாம்."

டீச்சர் வாசித்தாள். தேவதாரு பலகை, கேதுரு பாய்மரம், கர்வாலித் துடுப்பு, தந்தம் பதித்த ஆசனம், எகிப்திலிருந்து வந்த சித்திரத்தையல் பாய்.

"நில்லுங்க. யானத் தந்தத்துல ஆசனமா?"

"அப்படித்தான் போட்டிருக்கு."

"எங்க தோணில உக்கார ஒரு கிழிஞ்ச சாக்குதான் உண்டு. பாயி காடாத்துணி, அதுல நானே ஒட்டுப் போட்டிருக்கேன். துடுப்பு வலிக்க ஆளும் கிடையாது. இதென்ன ராசா வீட்டுக் கப்பலா? மேல வாசிங்க."

டீச்சர் அந்த வரிக்கு வந்தாள். "கொண்டல் காத்து..."

ஆக்னஸ் எழுந்து கொல்லைக் கதவைத் திறந்து முகத்தை வெளியே நீட்டினாள். கொஞ்ச நேரம் அப்படியே நின்றாள். திரும்பினாள்.

"இது கொண்டல் இல்ல டீச்சர். வாட, வடக்கேருந்து வாரது. பன்னெண்டு நாளா வாடதான் அடிக்கி. உங்க புஸ்தகத்துக் கப்பல உடைச்சது வேற காத்து. அது எங்க தோணி இல்ல."

தேரிக்காட்டில் பிறந்த டீச்சருக்குக் காற்று இரண்டே வகை, செம்மண் பறக்கிற காற்று, பறக்காத காற்று. ஆக்னஸ் சொன்னதை நம்பினாள். குசினித் தரையில் உட்கார்ந்தாள். நாலு நாளில் முதல் தடவையாக மூச்சு அடிவயிறு வரை போய்வந்தது. முன்னும் பின்னும் வாசிப்பதைப் பதினோரு பெண்களுக்குப் பல வருஷம் சொல்லிக்கொடுத்தவளுக்கு, பலகையையும் பாயையும் காற்றையும் வைத்து வாசிக்கலாம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

"எந்திரிங்க" என்றாள் ஆக்னஸ். "மனு எழுதணும். உங்க கையெழுத்துதான் நல்லாருக்கும்."

ஏழு பெண்களும் டீச்சரும் துறைமுக ஆபீசுக்குப் போனார்கள். அதிகாரி மனுவை வாசித்துவிட்டு, எந்தப் பக்கம் விசாரிக்க என்று கேட்டார். ஆக்னஸ் யோசிக்கவே இல்லை. "மேற்க கேளுங்கய்யா. மணப்பாடு, கன்னியாகுமரி, முட்டம், குளச்சல்."

புதன் முழுக்கப் பதிலில்லை. டீச்சர் பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டு ஆக்னஸ் வீட்டில் கிடந்தாள். ஆக்னஸ் ஜெபமாலை உருட்டினாள். சபைப் பெண்ணுக்கு ஜெபமாலை தெரியாது, ஆனாலும் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு மணிக்கும் உதட்டை அசைத்தாள். கதவு ஒவ்வொரு தடவை அசைந்தபோதும் இருவரும் ஒருவரையொருவர் பார்க்காமல் இருக்கப் பாடுபட்டார்கள். வியாழக்கிழமை பத்து மணிக்கு ஆபீஸ் பியூன் சைக்கிளில் வந்தார். பாய்மரம் முறிந்த ஒரு தோணி குளச்சலில் ஒதுங்கியிருக்கிறது. ஏழு பேரும் உயிரோடு இருக்கிறார்கள்.

அதற்குப்பின் அற்புதமணி டீச்சர் வேதாகமத்தை எப்படியும் பிடிப்பாள். வரிமேல் விரல் வைத்து வாசிப்பாள். மூன்று கேள்வியோடு நாலாவதாக ஒன்றைச் சேர்த்துக்கொண்டாள்: இதில் சொல்லியிருக்கிற தொழில் தெரிந்த ஆள் யாராவது இங்கே உண்டா? மேய்ப்பன் வந்தால் ஆடு மேய்க்கிற கீதாரியைக் கேட்டாள், கப்பல் வந்தால் ஆக்னஸைக் கேட்டாள். அன்று வாடை அடித்த புண்ணியத்தில் அவள் பயம் போயிற்று.

எழுபத்தொன்பதாம் வருஷம் டீச்சர் ஓய்வுபெற்ற அன்று, பள்ளிக்கூடத்துப் பிரிவுபசாரத்தில் இந்தக் கதை இந்த இடம் வரை வாசிக்கப்பட்டது. இரண்டாவது வரிசையிலிருந்து ஆக்னஸ் எழுந்தாள்.

"எல்லாம் சரி. அந்த வாடைய மட்டும் வெட்டிருங்க. அன்னைக்கு அடிச்சது கொண்டலேதான்."

டீச்சர் மாலையோடு திரும்பிப் பார்த்தாள். "ஏளா, நீதான சொன்ன?"

"உங்க பல்லு அடிச்ச அடியில வேற என்னத்தச் சொல்ல? எனக்கும் ஈரக்கொல நடுங்கத்தான் செஞ்சுது. ஆனா வாடையா இருந்திருந்தா தோணி தெக்க நடுக்கடலுக்குல்லா போயிருக்கும். கொண்டல் அடிச்சதுனாலதான் மேற்க கேளுங்கன்னு சொன்னேன். பாய்மரத்த முறிச்சதும் அந்தக் காத்துதான், கரையில தள்ளி விட்டதும் அந்தக் காத்துதான். அதையும் சேத்து எழுதுங்க."