தானாக நீட்டிய கை

ஜப்பான்காரன் காலத்தில், ஆடி பிறந்த வாரம், என் வீட்டுக்காரர் சயாமுக்குப் போகப் பெயர் கொடுத்துவிட்டுச் சிரித்த முகத்தோடு வந்து நின்றார். எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அப்போது நான் ஐந்து மாதம் முழுகாமல் இருந்தேன். வீட்டில் அரிசி கண்டு பல நாள் ஆகியிருந்தது. கட்டியிருந்தது சாக்குத் துணி. இந்த நிலையில் இவரும் போய்விட்டால் நான் என்ன செய்வேன்? அன்று அழுத அழுகை இன்றும் நினைவிருக்கிறது.

அம்மனை நம்பி வாழும் சொந்தங்களே, எனக்கு எழுத வராது. நான் சொல்லச் சொல்ல என் மகள் எழுதுகிறாள். அவர் பெயரை நான் வாயால் சொன்னதே கிடையாது. அதையும் அவளே எழுதட்டும்: கோவிந்தன்.

நாங்கள் இருந்தது மலாயாவில் பெடாஸ் ஊர்ப் பக்கம் ஒரு ரப்பர் தோட்டம். ஜப்பான்காரன் வருகிறான் என்றதும் வெள்ளைக்காரத் துரை ராத்திரியோடு ராத்திரியாகக் காரேறிப் போய்விட்டான். மறுநாள் விடியலில் பெரட்டில் நிறுத்திப் பேர் கூப்பிட ஆள் இல்லை. விசில் சத்தம் இல்லை. லயத்து வீடுகளில் இருந்த ஆண்களுக்குத் தலைகால் புரியவில்லை. இவருக்குக் கேட்கவே வேண்டாம். பிறந்ததிலிருந்து இன்னொருவன் விசிலுக்கு எழுந்தவர். வெயில் ஏறும்வரை படுத்துக்கொண்டு, "விடுதலை வந்துருச்சு அஞ்சல, விடுதலை!" என்பார். விடுதலை வந்த வீட்டில் தண்ணீர் தூக்கியதும் விறகு பொறுக்கியதும் மட்டும் நான்தான்.

அந்தக் கூத்து ஒரு மாதம்கூட நீடிக்கவில்லை. அரிசி தீர்ந்தது. மரவள்ளிக்கிழங்கைத் தின்று தின்று முகமெல்லாம் வீங்கியது. எங்களை வேலை வாங்கிக்கொண்டிருந்து ஓடிப்போன மண்டோர், கையில் ஜப்பான் பட்டை கட்டிக்கொண்டு திரும்பி வந்தார். வெள்ளைக்காரன் ஒழிந்தான், இனி ஆசியா நமக்கு என்று பேசினார். அடுத்த வருஷம் சயாமில் ரயில் பாதை போட ஆள் எடுத்தார்கள். தினம் அரிசிச் சோறு, உடுத்தத் துணி, மூன்று மாதத்தில் வீடு திரும்பலாம் என்றார்கள்.

இவர் நம்பினார். தோட்டத்தை விட்டுப் போவதே விடுதலை என்று நினைத்தார். நான் கெஞ்சினேன், சண்டை போட்டேன். நான் வேண்டாம் என்று சொல்வதெல்லாம் அவருக்கு வேண்டும். அப்படிப்பட்ட மனிதர்.

கடைசியில் எங்கள் தோட்டத்து மாரியம்மன் முன்னால் போய் விழுந்தேன். கோயில் என்றால் தகரக் கொட்டகைதான். பக்கத்து வீட்டுப் பார்வதியும் என்னோடு வந்து விழுந்தாள். அவள் புருஷன் சடையனும் பெயர் கொடுத்திருந்தான். "தாயே, இந்த ஆளைக் கட்டிப் போடு. கால் ஒடிஞ்சு கெடந்தாலும் பரவாயில்ல, நான் கஞ்சி ஊத்திக்கிறேன்" என்று கேட்டேன். கோபத்தில் கேட்டது. அம்மன் மன்னிக்க வேண்டும்.

அந்த வாரமே திருவிழாவுக்குக் காப்புக் கட்டினார்கள். மஞ்சள் கிழங்கு முடிந்த கயிற்றைப் பூசை செய்யும் பண்டாரம் கையில் கட்டிவிட்டால், பத்தாம் நாள் அவரே அவிழ்க்கும்வரை ஊர் எல்லை தாண்டக் கூடாது என்பது உங்களுக்குத் தெரியும். இவரும் சடையனும் வருஷா வருஷம் தீச்சட்டி எடுப்பவர்கள். சயாமுக்கு ஆள் ஏற்றும் லோரி, திருவிழா முடிந்த பிறகுதான் வரும் என்று மண்டோர் சொல்லியிருந்தார். அதனால் இருவரும் கட்டிக்கொண்டார்கள்.

நாலாம் நாள் காலையில் லோரி வந்துவிட்டது.

ஆற்றுப் பாலத்தில் பலகை இற்றுப் போயிருந்ததால் லோரி அந்தப் பக்கமே நின்றது. பாலம்தான் எங்கள் தோட்டத்து எல்லை. ஆட்கள் மூட்டையோடு நடந்து போய் ஏறினார்கள். சடையன் பண்டாரத்திடம் ஓடி அவிழ்க்கச் சொன்னான். அவர் முடியாது என்றார். சடையன் ரப்பர் பால் வெட்டும் கத்தியால் தானே அறுத்துக்கொண்டு பாலத்தைத் தாண்டினான். இவர் இந்தப் பக்கமே நின்றார்.

"என்னப்பா கோவிந்தா, ஏறுலா!" என்றார் மண்டோர்.

"காப்புக் கட்டியிருக்கேன் மண்டோரய்யா. இன்னும் ஆறு நாளு கெடக்கு. எல்லை தாண்ட முடியாது."

மண்டோர் சிரித்தார். "எந்த எல்லை? வெள்ளக்காரன் போட்ட எல்லை. அவனே ஓடிட்டான், நீ இன்னும் அதுக்குள்ளயே நிக்கிற. அடிமப் புத்தி போகல பாரு!"

லோரியில் இருந்தவர்களும் சிரித்தார்கள். அந்த ஒரு சொல்லுக்காகவே இவர் ஏறிவிடுவார் என்று நினைத்தேன். இவர் கையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். நான் மட்டும் வாயைத் திறந்திருந்தால் காரியம் கெட்டிருக்கும். பல்லைக் கடித்துக்கொண்டு, தாயே, தாயே என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"வெள்ளக்காரன் என்னைக் கட்டி வச்சப்ப என்னைக் கேக்கல" என்றார் இவர். குரல் உயரவே இல்லை. "நீங்க லோரிய முந்திக் கொண்டாந்தப்பவும் கேக்கல. இது ஒண்ணுதான் நானா கைய நீட்டிக் கட்டிக்கிட்டது. இதையும் அறுத்துட்டா எனக்குன்னு என்னய்யா இருக்கு?"

"மச்சான், அம்மா கோவிச்சுக்க மாட்டா, வாடா" என்று சடையன் கூப்பிட்டான்.

"நீ போறதுன்னா போ மச்சான். நான் தடுக்கல. பத்தரமா இரு."

லோரி போய்விட்டது. அடுத்த லோரியில் முதல் ஆள் நீதான் என்று மண்டோர் விரலை ஆட்டிவிட்டுப் போனார். நான் அன்றைக்குப் பார்த்த என் புருஷனை அதற்கு முன்னால் பார்த்ததே இல்லை. கட்டிப் போடு என்று கேட்டவள் நான். அம்மனோ அவருக்கு நிமிர்ந்து நிற்கிற தைரியத்தைக் கொடுத்திருந்தாள். என் வேண்டுதல் எவ்வளவு சின்னது என்று அப்போதுதான் தெரிந்தது.

பத்தாம் நாள் தீச்சட்டி இறக்கி, பண்டாரம் காப்பை அவிழ்த்ததும் என்னிடம் வந்தார். "லோரி வர்ற நாளயே மாத்திச் சொன்னவன், மூணு மாசத்துல திருப்பி அனுப்புவான்னு எப்படி அஞ்சல நம்புறது?" என்றார். நான் கத்தியபோது ஏறாத புத்தி அது. அன்றே சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு காட்டோரத்துக்குப் போனோம். கிழங்கு நட்டோம். லோரிச் சத்தம் கேட்டால் புதருக்குள் ஒளிவோம். பிறகு வந்த லோரிகளில் ஆட்களைப் பிடித்தே ஏற்றினார்கள். எங்களை அம்மன் மறைத்து வைத்தாள். இதை எழுதுகிற மகள் அந்தக் குடிசையில்தான் பிறந்தாள்.

சண்டை முடிந்து துரை திரும்பி வந்தபோது எல்லோரும் தலை குனிந்து நின்றார்கள். இவர் நேராக நின்று வணக்கம் சொன்னார். கள்ளை விட்டுவிட்டார். விசில் ஊதுவதற்கு முன்பே எழுந்து முகம் கழுவியிருப்பார். "எவனும் என்னை எழுப்பக் கூடாது" என்பார். கண்மூடும்வரை அப்படியே வாழ்ந்தார். அப்படிப்பட்டவருக்கு வாழ்க்கைப்பட்டதில் எனக்குப் பெருமைதான். அவர் காதுபடச் சொன்னதில்லை, இப்போது சொல்கிறேன்.

ஆனால் ஒன்றை மறைக்க மாட்டேன். அந்த லோரியில் போனவர்களில் சிலர்தான் சயாமிலிருந்து உயிரோடு திரும்பினார்கள். சடையன் திரும்பவில்லை. அதே கொட்டகையில், அதே நேரத்தில், என் பக்கத்தில் விழுந்து கும்பிட்டவள் பார்வதி. என் வேண்டுதல் பலித்தது, அவள் வேண்டுதல் ஏன் பலிக்கவில்லை? எனக்குத் தெரியாது. தெரிந்தது போலப் பேசுகிறவர்களை எனக்குப் பிடிக்காது. அவள் முகத்தைப் பார்க்கக் கூசி, பல வருஷம் இந்தச் சாட்சியை நான் எங்கேயும் சொல்லவில்லை.

போன மாதம் அவளே கேட்டாள். "ஏன் அஞ்சல, அம்மா ஒனக்குச் செஞ்சத ஏன் சொல்ல மாட்டேங்குற?"

"உன் முன்னால எப்படிடி சொல்லுவேன்?" என்றேன்.

"சொல்லு. என் வீட்டுக்காரரு பேரையும் சேத்துச் சொல்லு. எனக்கு அவகிட்ட சண்டயெல்லாம் இருந்துச்சு. அடிக்கடி திட்டுவேன். ஆனா கோயிலுக்குப் போவாம இருக்க முடியல. என்னைய யாரும் கட்டாயப்படுத்தல."

அதனால்தான் இன்று சொல்கிறேன். கஷ்டத்தில் இருக்கிறவர்கள் பயப்படாமல் அம்மனிடம் கேளுங்கள். என்னைப் போலக் கோபத்தில் கேட்டாலும் அவள் கேட்பாள். என் பேச்சில் நம்பிக்கை வரவில்லையென்றால் வெள்ளிக்கிழமை கோயிலுக்கு வந்து பாருங்கள். எங்களுக்கெல்லாம் முன்னால் வந்து விளக்கேற்றுகிறவள் பார்வதி.