மாமா எடுத்த பாட்டுப் படம்

என் தாயின் தம்பி, அச்சகத்துப் பிழைதிருத்துநர் ஒருவரின் நான்காவது பிள்ளை. இருபத்தெட்டாம் வயதில் முதல் படத்தை இயக்கினார். ஐம்பத்தொன்பதாம் வயதில் கடைசிப் படத்தை. மொத்தம் பன்னிரண்டு. நகைச்சுவை மூன்று, துப்பறியும் கதை இரண்டு. பேய், நீதிமன்றம், குழந்தைகள், பாட்டு, போர், காதல், ஆவணம் ஆகியவை வகைக்கு ஒன்று. பன்னிரண்டிலும் ஒலிப்பதிவு என் தந்தை.

ஒரு படத்தில் பலித்த உத்தியை மாமா அடுத்த படத்துக்குக் கொண்டுபோனதில்லை. பேய்ப் படத்தில் பேயே கிடையாது. மெல்லத் திறக்கும் ஓர் அலமாரிக் கதவுக்கே அரங்கம் அலறியது. ஒரு நகைச்சுவைப் படத்தில் நடிகர்களிடம், "சிரிக்க வைக்கணும்னு நினைக்காதீங்க. கடைசி பஸ் போயிடப் போகுது, அத மட்டும் நினைங்க" என்பார். அரங்கில் சிரிப்பு தானாக வந்தது.

எட்டாம் படம் முடிந்தபின் வந்த கடுங்காய்ச்சல் அவருடைய வலது காதை முழுதாகவும் இடது காதைப் பாதியாகவும் கொண்டுபோனது. அத்தை, என் தாய், என் தந்தை ஆகிய மூவருக்கே இது தெரியும். அந்த நிலையில்தான் பாட்டுப் படம் வந்தது. காது விஷயம் வெளியே தெரிந்தால் படம் கைமாறும்; அதற்குப் பின் எவரும் அழைக்கமாட்டார்கள். ஆகவே தயாரிப்பாளர் அம்மாளிடம் மறைத்தார். அது சரியென்று நான் எழுதமாட்டேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கும் வேலை அது.

படப்பிடிப்பின் பதினோராம் நாள். கதாநாயகி மாடிப்படியில் அமர்ந்து, பக்கவாத்தியமின்றித் தன் குரலிலேயே பாட வேண்டிய காட்சி. குரலை அங்கேயே பதிவு செய்தார்கள். பாட்டுத் தொடங்கியதும் அடுத்த கட்டடத்தில் தண்ணீர் மோட்டார் ஓடத் தொடங்கியது. பாட்டு முடிந்தது. மாமா கையை உயர்த்தினார்.

"ஓகே! பிரமாதம். அடுத்த ஷாட்!"

ஒருவரும் அசையவில்லை. என் தந்தை எழுந்தார்.

"இன்னொரு தடவை போயிடலாம் மாப்ளே. டேப் தீர்ந்துபோச்சு. நான்தான் கவனிக்கல."

அன்று தளத்துக்கு வந்திருந்த தயாரிப்பாளர் அம்மாள் ஒலிக்கருவியை எட்டிப் பார்த்தார்.

"பாதிக்கு மேல இருக்கே! யாருக்குப் பூ சுத்தறீங்க?"

மாமா என் தந்தையின் முகத்தைப் பார்த்தார். "என்ன மச்சான், ஏதாவது ஓடுச்சா?"

"மோட்டார். பாட்டு முழுக்க."

பொய் சொல்லத் தெரியாத ஒரு மனிதர் தமக்காகப் பொய் சொன்னதை மாமாவால் தாங்க முடியவில்லை. நேரே அம்மாளிடம் போனார்.

"எனக்கு வலது காது சுத்தமா இல்லம்மா. இடது பாதி. இத ஒப்புக்கிட்டப்பவே சொல்லியிருக்கணும்."

அம்மாள் ஒலிக்கருவியை விட்டு அவர் பக்கம் திரும்பினார். "நான் சொல்ற எதையும் நீங்க காதுல வாங்கினதில்ல. திமிருன்னு நினைச்சேன்."

விளக்குக்காரர் ஒருவர் சிரித்துவிட்டு, இருமுவதுபோல் மழுப்பினார்.

"அப்ப பாட்டுப் படத்த எத வெச்சு எடுக்கறீங்க?"

"பாடறவங்க கழுத்த வெச்சு. தப்பு அங்க முதல்ல தெரியும்."

அம்மாள் நம்பவில்லை. மோட்டாரை நிறுத்தச் சொன்னார். கதாநாயகியை அருகே அழைத்து, அதே பாட்டை மூன்று முறை பாடச் சொன்னார். ஒரு முறை எங்கேனும் வேண்டுமென்றே தவறச் சொல்லிக் காதோடு காதாக ஏற்பாடு. மாமா பத்தடி தள்ளி நின்று பார்த்தார்.

"ரெண்டாவதுல, மூணாவது வரி. அங்க சுருதி இறங்குச்சு. அது வேணும்னே செஞ்சது. ஆனா முதல் தடவை கடைசி வரில மூச்சு பத்தல. அது நிஜம்."

கதாநாயகி நாக்கைக் கடித்துக்கொண்டார். "அது யாருக்கும் தெரியாதுன்னு நினைச்சேன்."

அம்மாள் நாற்காலியில் உட்கார்ந்தார். "சரி. பாட்டுக்கு உங்க கண்ணு, மோட்டாருக்கு உங்க மச்சான் காது. ரெண்டு பேரும் கை தூக்கினாத்தான் ஓகே. இனிமே எங்கிட்ட எதையும் மறைக்காதீங்க."

அன்று அந்தக் காட்சியை மேலும் நான்கு முறை எடுத்தார்கள். நான்காவதில் இரண்டு கைகளும் உயர்ந்தன. படம் ஓடியது; பின்வந்த மூன்று படங்களுக்கும் தயாரிப்பாளர்கள் தாமாகவே வந்தார்கள். அவர்களிடம் மாமா முதலில் காதைப் பற்றிச் சொன்னார், பிறகே கதையை.

மாமா இயக்குநராக இருந்தது முப்பத்தோர் ஆண்டுகள். அவற்றுள் இரண்டு கைகள் சேர்ந்து உயர்ந்த ஆண்டுகள் பதினான்கு.